துடைக்காத கண்ணாடி

டாக்டர் அறிவாழி தன் வாழ்நாளில் இரண்டு முறை புகழ் பெற்றார். முதல் முறை, கடவுள் இல்லை என்று பேசி. இரண்டாம் முறை, இருக்கிறார் என்பதுபோலப் பேசி. இரண்டாவதற்குத்தான் வீட்டுக்குக் கார் அனுப்பினார்கள்.

‘போல’ என்பதைக் கவனிக்க வேண்டும். கடவுள் என்ற சொல்லை அவர் எந்த மேடையிலும் உச்சரித்ததில்லை. ‘மூலவடிவாளர்’ என்பார். உயிர்கள் தாமாக உருவாகவில்லை, யோசித்து வடிவமைக்கப்பட்டவை, அதற்கு ஆதாரம் என்னிடம் இருக்கிறது, அவ்வளவுதான் நான் சொல்வது என்பார். அந்த மூலவடிவாளர் யார் ஐயா என்று யாராவது எழுந்து கேட்டால், “அது அறிவியலின் எல்லைக்கு வெளியே இருக்கிறது” என்று சொல்லிவிட்டு லேசாகப் புன்னகைப்பார். அந்தப் புன்னகையில் அவரவர் தத்தம் குலதெய்வத்தைப் பார்த்துக்கொண்டு நிம்மதியாக வீடு திரும்பினார்கள்.

தாலி கட்டாமல் மாலை மட்டும் மாற்றிக்கொண்ட தம்பதிக்குத் தஞ்சாவூர்ப் பக்கத்தில் பிறந்தவர் அவர். கடல் அளவு அறிவு வேண்டும் என்று அப்பா வைத்த பெயர். பள்ளிக்கூடத்தில் கடவுள் வாழ்த்துக்கு எழுந்து நிற்க மாட்டேன் என்று சொல்லி வெயிலில் நின்ற பிள்ளை. அப்படிப்பட்டவர் மாறியதால்தான் அவர் சொல்லுக்கு அவ்வளவு மதிப்பு. பிறவி பக்தன் சாட்சி சொன்னால் யார் கேட்பார்கள்?

எல்லாம் ஒரு கத்தரிக்காயில் தொடங்கியது.

சென்னையில் அவர் நடத்திய ஆய்வுக்கூடத்தில், ‘கைரேகை’ என்று ஓர் இயந்திரம் செய்தார். பரிசோதனைச் சாலையில் ஜீனைத் திருத்திய விதைகளை நாட்டு விதை என்று சொல்லி விற்கும் கம்பெனிகளைப் பிடிப்பதற்கு. அதன் தத்துவம் எளிமையானது. இயற்கை டிஎன்ஏவை எழுதும் விதமே வேறு. கிறுக்கும், அடிக்கும், எழுதிய வரியை மறந்து மறுபடி எழுதும். யோசிக்கிற ஒருவன் கை வைத்த இடம் மட்டும் கோலம் போட்டதுபோல ஒழுங்காக இருக்கும். அந்த ஒழுங்கைத் தேடிக் கண்டுபிடிப்பதுதான் கைரேகையின் வேலை. டிஎன்ஏவின் நான்கு எழுத்துக்கு நான்கு வண்ண ஒளி. ஒரு சின்னக் கண்ணாடி ஜன்னல் வழியாக ஒரு கேமரா அந்த வண்ணங்களைப் பார்த்துப் படிக்கும்.

ஒரு அக்டோபர் மாதம், கலப்படமே இல்லாத ஒரு முள்ளுக் கத்தரியில் அது ஒழுங்கைக் கண்டது. குறிப்பிட்ட இடைவெளி விட்டு, ஒரே எழுத்து, திரும்பத் திரும்ப. நெல்லில் பார்த்தார்கள், இருந்தது. கொசுவில் பார்த்தார்கள், அதிலும் இருந்தது. அறிவாழி தன் விரலைக் குத்திக்கொண்டு ஒரு சொட்டு ரத்தம் விட்டுப் பார்த்தார். அவருக்குள்ளும் இருந்தது. எல்லா உயிரிலும் ஒரே கையெழுத்து.

வெளிநாட்டுக்காரர்கள் தங்கள் கருவிகளில் தேடிவிட்டு ஒன்றும் காணோமே என்றார்கள். அவர்களுடையது கைரேகை அல்ல என்று இவர் பதில் சொன்னார். அது உண்மையும்கூட. பிறகு இங்கேயே நூற்றுக்கணக்கில் கைரேகைகள் செய்தார்கள். புது இயந்திரம் ஒவ்வொன்றையும் தாய் இயந்திரத்தின் பக்கத்தில் வைத்து, தாய் காண்பதைத் தானும் காணும்வரை திருகித் திருகிச் சரிசெய்து, அதன் பிறகே அனுப்பினார்கள். எல்லா இயந்திரமும் ஒரே முடிவைத் தருகிறது என்பது அப்புறம் ஓர் ஆதாரமாயிற்று.

மூலவடிவ அறக்கட்டளை வந்தது. சட்டம் வந்தது. மூலவடிவாளரின் கையெழுத்து உள்ள ஜீன்களில் மனிதன் கைவைக்கலாமா என்று முடிவு செய்ய மூலவடிவக் காப்பு வாரியம் வந்தது. அதற்குத் தலைவராக அறிவாழி வந்தார்.

*

அந்த ஞாயிற்றுக்கிழமை மதியம் கதவைத் தட்டியது சலோமி. ஒரு காலத்தில் கைரேகையின் ஒளிப்பகுதி முழுவதையும் வடிவமைத்தவள். கையெழுத்து வந்த சில மாதங்களில் வேலையை விட்டுப் போனவள். சர்ச்சுக்குப் போய்விட்டு நேரே வந்திருக்கிறாள் என்று பட்டுப் புடவையும் கைப்பையிலிருந்து எட்டிப் பார்த்த பைபிளும் சொல்லின.

“வா சலோமி. எத்தனை வருஷம் ஆச்சு. காபி போடறேன், உக்காரு.”

“வேண்டாம் சார். ஜெமிமா விஷயமா வந்தேன்.”

அறிவாழிக்கு அது தெரியும். வெள்ளிக்கிழமை வாரியக் கூட்டத்துக்கான பொருள் நிரலில் அந்தப் பெயரைப் பார்த்துவிட்டு, அது வேறு ஏதோ ஜெமிமா என்று நினைத்துக்கொள்ள அவர் கொஞ்சம் முயற்சிகூடச் செய்திருந்தார்.

சலோமியின் ஒரே மகள் ஜெமிமாவுக்குத் தலசீமியா. உடம்பில் ரத்தம் சரியாக ஊறாது. மூன்று வாரத்துக்கு ஒரு முறை வேறு யாருடைய ரத்தத்தையாவது ஏற்றியாக வேண்டும். ஏற்ற ஏற்ற அதிலிருக்கும் இரும்பு இதயத்தில் போய்ப் படியும். இப்போது ஒரு சிகிச்சை இருக்கிறது. அவளுடைய எலும்பு மஜ்ஜையிலிருந்து கொஞ்சம் எடுத்து, தவறாக இருக்கும் ஒரே ஓர் எழுத்தைத் திருத்தி, திரும்ப உள்ளே விட்டுவிட்டால் போதும். ஆனால் அந்த எழுத்து மூலவடிவாளரின் கையெழுத்துக்கு ஒட்டினாற்போல இருப்பதாகக் கைரேகை சொல்லிவிட்டது.

“வாரியம் எல்லாத்தையும் பாத்து முடிவு பண்ணும்மா.”

“வாரியம்னா நீங்கதானே சார்.”

“ஏழு பேர் இருக்கோம்.”

“நீங்க கையைத் தூக்கினா ஆறு கை தூக்கும். நானும் டிவியில பாக்கறேன்ல.”

அறிவாழி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “சலோமி, ஒரு விதிவிலக்கு பண்ணினா நாளைக்கு ஆயிரம் பேர் வருவாங்க. யோசிச்சு எழுதின ஒண்ணுல நாம அவசரப்பட்டுக் கை வெச்சா...”

“யோசிச்சா சார் எழுதினாங்க? என் பொண்ணு மூச்சு வாங்காம மாடிப்படி ஏறி ஒரு வருஷம் ஆச்சு. டாக்டர் இந்த மாசம்தான் கடைசின்னு சொல்லிட்டார். இதுக்கு மேல இரும்பு ஏறினா அந்தச் சிகிச்சையையே அவ ஹார்ட்டு தாங்காதாம். வேற ஊருக்குப் போலாம்னா நாடு முழுக்க உங்க சட்டம். அவ என்ன சொல்றா தெரியுமா? அம்மா, என் வியாதிக்கு ஐஎஸ்ஐ முத்திரை குத்தியிருக்காங்கம்மாங்கிறா.”

அறிவாழிக்குச் சிரிப்பு வந்தது. வந்த வேகத்தில் போய்விட்டது.

“உனக்குத்தான் என்னை ரொம்பப் புரியும்னு நான் நெனச்சேன் சலோமி. ஞாயித்துக்கிழமை தவறாம சர்ச்சுக்குப் போறவ. கொயர்ல பாடறவ. முதல்ல உன்கிட்டதான் ஓடி வந்து சொன்னேன். நீதான் எழுந்து போயிட்ட.”

“என் நம்பிக்கைக்கு மெஷின் எதுக்கு சார்? மெஷின் ரிப்போர்ட்டு குடுத்தாத்தான் அவர் இருக்கார்னா, அப்புறம் நாளைக்கு கரண்ட் போச்சுன்னா?” சலோமி குரலை இறக்கிக்கொண்டாள். “அப்பவே ஒண்ணு கேட்டேன். ஞாபகம் இருக்கா?”

இருந்தது. மாதம் ஒரு முறை கைரேகையின் மூடியைத் திறந்து உள்ளே இருக்கும் கண்ணாடியைத் துடைப்பது அந்த ஆய்வுக்கூடத்தின் வழக்கம். கையெழுத்து வந்த வாரம் அவள் பஞ்சும் ஸ்பிரிட்டுமாக வந்து நின்றாள். துடைத்துவிட்டு இன்னொரு முறை பார்ப்போம் சார் என்றாள். இவர் வேண்டாம் என்றார். இப்போது திறந்தால் இயந்திரத்தின் அளவுகள் எல்லாம் மாறிப்போகும் என்றார். அது பொய் என்று அவளுக்குத் தெரியும், அவளுக்குத் தெரியும் என்று இவருக்கும் தெரியும். அதற்குப் பிறகு அந்த மூடி திறக்கப்படவே இல்லை. முதலில் பயத்தால். பின்னால் மரியாதையால்.

“இப்பவும் அதே ஒண்ணுதான் கேக்கறேன்,” என்றாள் சலோமி. “என் பொண்ணுக்காக ஓட்டுப் போடுங்கன்னு கேக்கலை. மூடியைத் திறந்து பாப்போம். உள்ள சுத்தமா இருந்துச்சுன்னா நான் வாயை மூடிக்கிட்டுப் போயிடறேன்.”

சாவி அறிவாழியிடம் இருந்தது. அதுதான் தொந்தரவு. சாவி இல்லாதிருந்தால் எவ்வளவு சுலபமாக இருந்திருக்கும்.

*

தாய் இயந்திரம் அறக்கட்டளையின் தலைமை மண்டபத்தில், கண்ணாடிக் கூண்டுக்குள், மூன்று பக்கமும் விளக்கு போட்டு வைக்கப்பட்டிருந்தது. ‘காலணிகளைக் கழற்றவும்’ என்று ஒரு பலகை. தூசி வராமல் இருப்பதற்காக என்று அறிவாழியே வைக்கச் சொன்னது. மக்கள் கழற்றிவிட்டுக் கையையும் கூப்பிக்கொண்டார்கள். அதற்கு அவர் பொறுப்பல்ல.

விடுமுறை நாள். காவலாளி, ஐயாவே வந்திருக்கிறாரே என்று கதவைத் திறந்துவிட்டு மரியாதையாக வெளியே போய் நின்றார்.

சலோமி செருப்போடு உள்ளே போனாள். நான்கு திருகாணிகளைக் கழற்றி மூடியைத் தூக்கினாள். கைப்பையிலிருந்து ஒரு சின்ன டார்ச்சை எடுத்து அடித்தாள். பிறகு டார்ச்சை அவர் கையில் கொடுத்துவிட்டு நகர்ந்துகொண்டாள்.

கண்ணாடி ஜன்னலின் ஓரத்தில், சுண்டுவிரல் நுனி அளவுக்கு ஒரு பொட்டு. காய்ந்த சந்தனம். அதன் மேல் குங்குமம்.

“என்னது இது?” என்றார் அறிவாழி. பார்த்த மாத்திரத்தில் தெரிந்துவிட்டது. கேட்காமலும் இருக்க முடியவில்லை.

“ஆயுத பூஜை சார்.”

சிவப்பு. அந்த ஓரத்தைக் கடந்து போகிற எழுத்து எதுவாக இருந்தாலும் கேமராவுக்குச் சிவப்பாகத்தான் தெரியும். வரிக்கு வரி, அதே இடத்தில், அதே எழுத்து. கத்தரிக்காயோ கொசுவோ அறிவாழியோ, யார் அந்த வழியாகப் போனாலும் நெற்றியில் ஒரு பொட்டு வாங்கிக்கொண்டுதான் போக வேண்டும்.

அவருக்கு எல்லாம் ஞாபகம் வந்தது. ஒவ்வொரு ஆயுத பூஜைக்கும் ஆய்வுக்கூடத்தில் ஒரு சண்டை நடக்கும். ஃப்ரிட்ஜுக்கு வையுங்கள், மைக்ரோஸ்கோப்புக்கு வையுங்கள், வாசலில் நிற்கும் ஜீப்புக்கு வையுங்கள், என் கைரேகைக்கு மட்டும் பொட்டு வைக்கக் கூடாது என்று அவர் கண்டிப்பாகச் சொல்லிவிடுவார். எல்லோரும் தலையாட்டுவார்கள். அந்த வருடம் அவர் ஒரு வாரம் லீவில் இருந்தார். திரும்பி வந்து பார்த்தபோது எல்லா இயந்திரமும் சந்தனமும் குங்குமமும் பூவுமாகக் கல்யாண வீட்டு ஆட்கள்போல நின்றன. கைரேகை மட்டும் சுத்தமாக இருந்தது. தன் பேச்சுக்கு இருந்த மதிப்பை எண்ணி அன்று அவர் பெருமைப்பட்டார்.

அவர் பேச்சுக்கு மதிப்பு இருந்தது. அதனால்தான் யாரோ அதை அவர் கண்ணில் படாத இடத்தில் வைத்திருக்கிறார்கள். சரி, வெளியே வைத்துக்கொள்ளுங்கள் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், மூடியின் மேல் ஒரு பொட்டு இருந்திருக்கும், ஒருவருக்கும் ஒரு கெடுதலும் வந்திருக்காது.

“யார் வெச்சிருப்பாங்க?”

“யார் வேணா வெச்சிருக்கலாம் சார். மானியம் நின்னு போற நிலைமையில இருந்துச்சு. எல்லாருக்கும் பயம். மெஷின் மேலயும் பிரியம், உங்க மேலயும் பிரியம். நான்கூட அந்த வாரம் அதுக்காக ஜெபம் பண்ணினேன். எங்களுக்குப் பொட்டு வைக்கிற பழக்கம் இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம்.”

சலோமி, அங்கேயே இருந்த கத்தரி விதை மாதிரி ஒன்றை எடுத்து ஓட்டினாள். திரையில் கையெழுத்து வந்தது. பஞ்சை ஸ்பிரிட்டில் நனைத்து அவரிடம் நீட்டினாள். “நீங்களே துடைங்க சார். நான் துடைச்சா நான் ஏதோ பண்ணிட்டேன்னு ஆயிடும்.”

துடைத்தார். ஒரு குழந்தையின் முகத்தைத் துடைப்பதுபோல மெதுவாகத்தான் துடைத்தார். பஞ்சு சிவந்தது. அதே விதையை மறுபடி ஓட்டினாள். திரையில் இயற்கையின் கிறுக்கல் வந்தது. அடித்தல், திருத்தல், மறந்துபோய் மறுபடி எழுதிய வரிகள். ஒழுங்கு எங்கும் இல்லை.

அறிவாழி ஈரப் பஞ்சை என்ன செய்வதென்று தெரியாமல் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றார்.

“வெள்ளிக்கிழமை சொல்லிடறேன்,” என்றார். “எல்லாத்தையும் சொல்லிடறேன். ஜெமிமாவோட டாக்டர்கிட்ட சிகிச்சைக்கு ரெடி பண்ணச் சொல்லு.”

சலோமி அழுதாள். அவருக்குப் புதிதாகப் பிறந்ததுபோல இருந்தது. உண்மையைச் சொல்வதில் இருக்கிற சுகத்தை அவர் மறந்தே போயிருந்தார். அவமானம் தனக்கு, உயிர் அந்தப் பெண்ணுக்கு. கணக்கு சரியாக இருந்தது. உண்மையைச் சொன்னால் போதும் என்று அவர் நினைத்தார் என்பதையும் இங்கே சொல்லிவிட வேண்டும். விஞ்ஞானிகளுக்கு அந்தப் பழக்கம் சுலபத்தில் போவதில்லை.

*

வாரியத்தின் கூட்டம் எப்போதும் பொதுமக்கள் முன்னிலையில்தான். மண்டபம் நிரம்பியிருந்தது. மேடையில் ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர், விதைக் கம்பெனி அதிபர் ஒருவர், யோகா ஆசிரியர் ஒருவர், எதற்காக அங்கே இருக்கிறார் என்று அவருக்கே தெரியாத ஒரு முன்னாள் கிரிக்கெட் வீரர், ஒரு பத்திரிகை ஆசிரியர். வாரியத்தின் செயலாளர் உலகநாதன். ஆயுள் காப்பீட்டில் முப்பது வருடம் இருந்தவர். யார் எப்போது சாவார்கள் என்று கணக்குப் போட்டுச் சம்பளம் வாங்கியவர். நிகழ்தகவு அவருக்குத் தாய்மொழி.

அறிவாழி எழுந்து நின்று எல்லாவற்றையும் சொன்னார். அலங்காரம் இல்லாமல், ஒளிவுமறைவு இல்லாமல். ஆயுத பூஜையைச் சொன்னார். மூடியைச் சொன்னார். அன்றே துடைத்திருக்க வேண்டும், வேண்டுமென்றே துடைக்கவில்லை, அது என் குற்றம் என்றார். துடைத்த பிறகு கையெழுத்து மறைந்ததைச் சொன்னார். மற்ற இயந்திரங்கள் எல்லாம் இந்தப் பொய்யைப் பார்த்துப் பழக்கப்படுத்தப்பட்டவை என்றார். “மூலவடிவாளர் இருக்காரா இல்லையான்னு எனக்குத் தெரியாது. ஆனா நான் காட்டினது அவர் கையெழுத்து இல்லை. அது குங்குமம்.”

சொல்லிவிட்டு உட்கார்ந்தார். முன்வரிசையில் சலோமியும், அவள் தோளில் சாய்ந்தபடி ஜெமிமாவும் உட்கார்ந்திருந்தார்கள். கல்லெறிவார்கள் என்று எதிர்பார்த்துத்தான் அவர் வந்திருந்தார். அதற்கு மனத்தளவில் தயாராகவும் இருந்தார்.

உலகநாதன் நிதானமாக எழுந்தார். அவர் கண்கள் கலங்கியிருந்தன.

“ஐயா சொன்னதுல ஒரு வார்த்தையைக்கூட நான் மறுக்கலை,” என்றார். “இவ்வளவு பெரிய மனுஷர், இவ்வளவு பேர் முன்னால, நான் தப்புப் பண்ணிட்டேன்னு சொல்றதுக்கு எவ்வளவு பெரிய மனசு வேணும்.” கைதட்டல். “நான் கணக்குக்காரன். எனக்குத் தெரிஞ்ச ஒரே பாஷையில ஒண்ணு கேக்கறேன். அந்த லேப்ல எத்தனையோ மெஷின் இருந்துச்சு. அத்தனையிலயும் பொட்டு வெளிய. இது ஒண்ணுல மட்டும் உள்ள. உள்ளயும் எவ்வளவோ இடம் இருக்கு. வயர் மேல பட்டிருக்கலாம், தகட்டுல பட்டிருக்கலாம். கண்ணாடி மேல பட்டுது. கண்ணாடி நடுவுல பட்டிருந்தா மெஷின் ஓடியே இருக்காது, ரிப்பேர்னு திறந்திருப்பாங்க. ஓரத்துல பட்டுது. சரியா அந்த ஓரத்துல. வேற யாரோட மெஷின்லயும் இல்ல. குங்குமமே ஆகாதுன்னு சொன்ன மனுஷரோட மெஷின்ல. ஐயா, அதை வெச்சது யாரு?”

“எங்க லேப் ஆளுங்கதான். யாரோ ஒருத்தர்.”

“யாருங்கய்யா?”

“தெரியலை.”

“தெரியலை,” என்று உலகநாதன் மெல்லத் திருப்பிச் சொன்னார். அந்தச் சொல்லை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துக் காட்டுவதுபோல இருந்தது. “இத்தனை வருஷமா ஐயா நமக்கு என்ன சொல்லிக் குடுத்தாங்க? ஒரு விஷயம் இவ்வளவு துல்லியமா, இவ்வளவு பொருத்தமா நடந்தா, அது தானா நடந்ததுன்னு நம்பறதுதான் மூடநம்பிக்கைன்னு சொல்லிக் குடுத்தாங்க. நான் ஐயாவையே கேக்கறேன். இது தற்செயலா?”

அந்த வாதத்தின் ஒவ்வொரு படியும் அறிவாழி கட்டியது. நிறுத்தும் இடம், குரலை இறக்கும் இடம், கடைசிக் கேள்வி எல்லாம் அவருடையவை. எத்தனையோ ஊர்களில் எத்தனையோ பேரை அந்தக் கேள்வியால் வாயடைக்க வைத்திருக்கிறார். அதற்குப் பதில் உண்டா என்று அவர் ஒருநாளும் யோசித்துப் பார்த்ததில்லை.

“இப்ப கையெழுத்து வரலையே,” என்றார். “துடைச்சதும் போயிடுச்சே.”

“போட வேண்டியதைப் போட்டாச்சு. பேனாவை மூடி வெச்சுட்டார்,” என்றார் உலகநாதன்.

அதற்குப் பிறகு எழுந்த கைதட்டல் அடங்க வெகுநேரம் ஆயிற்று. பின்வரிசையில் ஒரு பெண்மணி விம்மினார். அந்தப் பஞ்சு எங்கே என்று யாரோ கேட்டார்கள்.

அடுத்த பொருளாக ஜெமிமாவின் விண்ணப்பம் வந்தது. அறிவாழி கையைத் தூக்கினார். முன்னாள் கிரிக்கெட் வீரரும் தூக்கினார். அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்த்துத் தூக்கியதாகத் தோன்றியது. மற்ற ஐவரும் மேசையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இன்று இந்த அவையில் கேட்டவற்றுக்குப் பிறகு, முன்னைவிட அதிகக் கவனத்தோடு நடந்துகொள்ள வேண்டியது நமது கடமை என்று நீதிபதி அழகான தமிழில் சொன்னார். அறிவாழி பதவியை ராஜினாமா செய்வதாக எழுதிக் கொடுத்தார். அதை ஏற்றுக்கொண்டு, அவரை ஆயுள்காலக் கௌரவத் தலைவர் ஆக்கினார்கள்.

*

அடுத்த வாரம் மருத்துவமனைக்குப் போனார். முதலில் நேராக ரத்த வங்கிக்குப் போனார். ஜெமிமாவின் பிரிவும் அவருடையதும் ஒன்று. அதுவாவது கொடுக்கலாம் என்று நினைத்தார். அங்கிருந்த நர்ஸ் அவரைக் கண்டதும் எழுந்து நின்றாள்.

“சார் நீங்களா. டிவியில பாத்தேன் சார். அன்னைக்கு நீங்க சொன்னதைக் கேட்டு எங்க வீட்ல எல்லாரும் அழுதுட்டோம்.”

“நான் சொன்னது தப்புன்னு சொன்னேம்மா.”

“அதான் சார்,” என்றாள் அவள், மரியாதை குறையாமல். ரத்த அழுத்தம் பார்த்தாள். மறுபடி பார்த்தாள். “ரொம்ப ஏறியிருக்கு சார். எடுக்க முடியாது. நல்லா ரெஸ்ட் எடுத்துட்டு அப்புறம் வாங்க.”

மாடிக்குப் போனார். ஜெமிமாவுக்கு ரத்தம் ஏறிக்கொண்டிருந்தது. சலோமி, அவரைப் பார்த்ததும் நாற்காலியை அவருக்கு விட்டுவிட்டு, டீ வாங்கி வருகிறேன் என்று வெளியே போனாள். அவள் கோபப்பட்டிருந்தால் கொஞ்சம் உதவியாக இருந்திருக்கும்.

“வாங்க அங்கிள். கௌரவத் தலைவர் ஆயிட்டீங்களாமே.”

“ஆமாம்மா.”

“ஆயுள் முழுக்கவா?”

“ஆயுள் முழுக்க.”

“நல்ல வேலைதான். என் ஆயுளைவிட நீளமா இருக்கும்போல.” சொல்லிவிட்டு அவள் அவர் முகத்தைப் பார்த்தாள். “சும்மா சொன்னேன் அங்கிள். அப்படி உக்காராதீங்க.”

மன்னித்துக்கொள் என்பது பேருந்தில் காலை மிதித்தவன் சொல்வதுபோல இருக்கும் என்று அவருக்குத் தோன்றியது.

ஜெமிமா கண்ணை மூடிக் கொஞ்ச நேரம் மூச்சு வாங்கினாள். பிறகு கண்ணைத் திறக்காமலே, “ஒண்ணு கேக்கட்டுமா?” என்றாள். “எல்லாரும் உங்ககிட்ட ஆதாரத்தைப் பத்தியே கேட்டாங்க. எனக்கு அது வேண்டாம். அந்தக் கத்தரிக்காயில அந்தக் கோலம் வந்துச்சுல்ல, முதல் தடவையா. அதைப் பாத்தப்ப உங்களுக்கு எப்படி இருந்துச்சு?”

இத்தனை வருடத்தில் எந்த மேடையிலும் யாரும் அதைக் கேட்டதில்லை. அவரும் தன்னைக் கேட்டுக்கொண்டதில்லை.

“அந்த வருஷம் நான் ஒரு வாரம் லீவு எடுத்தேன்,” என்றார். “என் மனைவி, உங்க ஆன்ட்டி, போனதுக்கு. காரியம் எதுவும் பண்ணலை. எங்க வழக்கத்துல கிடையாது. சுடுகாட்டுலேர்ந்து வந்து, என்ன பண்றதுன்னு தெரியாம, சும்மாவே உக்காந்திருந்தேன். மத்தவங்களுக்கெல்லாம் அந்த நேரத்துல செய்யறதுக்கு ஏதாவது இருக்கு. திரும்பி லேபுக்கு வந்த அன்னிக்கு மத்தியானம் அது வந்துது. எனக்கு ஆதாரம்னெல்லாம் தோணலைம்மா. யாரோ மெதுவா வந்து பக்கத்துல உக்காந்த மாதிரி இருந்துச்சு. இதெல்லாம் சும்மா இல்லை, யாரோ நம்மளைப் பத்தி யோசிச்சிருக்காங்கன்னு. மூடியைத் திறந்து துடைச்சா அவங்க எழுந்து போயிடுவாங்களோன்னு பயம்.”

ஜெமிமா இப்போது கண்ணைத் திறந்து அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஊசி குத்தாத கையை நீட்டி அவர் விரலைப் பிடித்தாள். அவள் கை சில்லென்று இருந்தது.

“அதை மட்டும் சொல்லியிருக்கலாமே அங்கிள்,” என்றாள். “அதுக்குச் சட்டம் எதுவும் தேவைப்பட்டிருக்காது.”